தவிட்டுக்கு வாங்கிய பிள்ளைகள்

அவையினர் அனைவருக்கும் என் வணக்கம்.

பெயர்களின் பொருளைப் பற்றிப் பேச வருகிறவர்கள் பெரும்பாலும் அழகிய பெயர்களையே எடுத்துக்கொள்வார்கள். நான் இன்று அழகற்ற பெயர்களைப் பற்றி மட்டுமே பேசப் போகிறேன். பெற்ற பிள்ளையைக் குப்பை என்றும், நொய் என்றும், மனிதனே அல்லன் என்றும் பெற்றவர்களே அழைத்திருக்கிறார்கள். அதுவும் ஒன்றையொன்று அறியாத பல நாடுகளில்.

வங்காளத்தின் மேதினிப்பூர் மாவட்டத்தில் 1889 டிசம்பர் 3 அன்று ஓர் ஆண் குழந்தை பிறந்தது. அதற்கு முன் அந்தத் தாய் பெற்ற இரண்டு ஆண் பிள்ளைகளும் சிறு வயதிலேயே இறந்திருந்தார்கள். எனவே அவ்வூர் வழக்கப்படி அவள் இந்தக் குழந்தையைத் தன் மூத்த மகளிடம் மூன்று கைப்பிடி நொய்க்கு விற்றுவிட்டாள். விற்ற பிள்ளை அவள் பிள்ளை அல்ல. ஆகவே அவள் பிள்ளையைத் தேடி வரும் எமனுக்கு அந்த வீட்டில் எடுத்துப்போக ஒன்றும் இல்லை என்பது கணக்கு. நொய்யை வங்காளிகள் 'குத்' என்பார்கள். அந்தப் பிள்ளைதான் குதிராம் போஸ். 1908 ஆகஸ்ட் 11 அன்று, பதினெட்டு வயதில், முசாபர்பூர் சிறையில் வெள்ளையர் அரசால் தூக்கிலிடப்பட்ட அதே குதிராம். தீன்கோடி, பாஞ்ச்கோடி என்று வங்காளத்தில் வழங்கிய பெயர்களும் இத்தகைய விற்பனையின் விலைச் சீட்டுகளே. முதலாவது மூன்று சோழி, இரண்டாவது ஐந்து சோழி.

இந்த வணிகம் நமக்குப் புதிதன்று. "உன்னைத் தவிட்டுக்குத்தானே வாங்கினோம்" என்று தம்பி தங்கையரை அழவைக்காத அண்ணன்மார் தமிழ்நாட்டில் குறைவு. இன்று அது வெறும் கேலி. ஆனால் ஒரு காலத்தில் அது உண்மையாகவே நடந்த சடங்கு. அடுத்தடுத்துப் பிள்ளைகளைப் பறிகொடுத்த வீட்டில், பிறந்த குழந்தையைக் குப்பைமேட்டில் கிடத்துவார்கள். அண்டை வீட்டுப் பெண் ஒருத்தி அதை எடுத்துக்கொள்வாள். தாய் அவளிடம் தவிட்டைக் கொடுத்துத் தன் பிள்ளையையே விலைக்கு வாங்குவாள். குப்பன், குப்பம்மாள், குப்பாயி என்ற பெயர்கள் அந்த மேட்டிலிருந்து வந்தவை. பிறரிடம் இரந்து பெற்றதாகப் பாவித்தால் பிச்சை, பிச்சையம்மாள். ஆந்திரத்தின் வடக்குக் கடலோரப் பகுதியில் தவிட்டையா என்ற பெயர் தவிட்டை மறைக்காமலே நிற்கிறது.

குழந்தையின் மூக்கைக் குத்திப் பழுதுபட்ட பொருளாக்குவது இன்னொரு வழி. நம் ஊர் மூக்கனும் மூக்கம்மாளும் அவ்வாறு பெயர் பெற்றவர்கள். மராட்டியத்தில் 1910ஆம் ஆண்டு ஒரு பிராமணக் குடும்பத்தில், மூன்று ஆண் குழந்தைகளை இழந்த பிறகு பிறந்த ஒருவனுக்கு மூக்கில் நத்து அணிவித்துப் பெண்பிள்ளையைப் போல வளர்த்தார்கள். இராமச்சந்திரன் என்ற அவன் பெயர் நாதுராம் ஆயிற்று. கோட்சே என்பது அவன் குடும்பப் பெயர்.

இந்த ஏமாற்றில் மங்கோலியர்களை மிஞ்ச ஆளில்லை என்பது என் எண்ணம். அவர்கள் நெர்குய் என்று பெயரிடுவார்கள். அதற்குப் 'பெயரில்லை' என்று பொருள். எனெபிஷ் என்றால் 'இது அல்ல'. குன்பிஷ் என்றால் 'மனிதன் அல்ல'. கெட்ட ஆவி வாசலில் நின்று யார் என்று கேட்டால், பெயரே பொய்ச்சாட்சி சொல்லி அதைத் திருப்பி அனுப்பிவிடும்.

எகிப்தில் ரோமானியர் ஆண்ட காலத்துப் பாப்பிரஸ் ஏடுகளில் கோப்ரியஸ், கோப்ரெஸ் முதலிய பெயர்கள் மீண்டும் மீண்டும் வருகின்றன. அந்த ஏடுகளின் மொழியான கிரேக்கத்தில் கோப்ரியா என்பது எருக்குப்பை. எகிப்தில் குழந்தைகளை உண்மையாகவே குப்பைமேட்டில் விட்டுச் செல்வதும், பிறர் அவற்றை எடுத்து அடிமைகளாக வளர்ப்பதும் உண்டு. குப்பையிலிருந்து எடுத்த குழந்தைக்குப் பாலூட்டக் கூலி பேசிய ஒப்பந்தங்கள் கிடைத்திருக்கின்றன. ஆயினும் அப்பெயர் தாங்கிய எல்லோரும் அப்படி வந்தவர்கள் என்று கொள்ள முடியாது. பாலைவனத் துறவியருள்ளும் ஒரு கோப்ரெஸ் இருந்தார். கைவிடப்பட்ட குழந்தையின் பெயரும், எமனிடமிருந்து ஒளித்துவைத்த குழந்தையின் பெயரும் ஏட்டில் ஒரே எழுத்துகளாகத் தெரிகின்றன என்பதே இங்குள்ள சிக்கல்.

நைஜீரியாவின் யோருபா மக்கள் பொய் சொல்வதில்லை, கெஞ்சுகிறார்கள். ஒரே குழந்தைதான் திரும்பத் திரும்பப் பிறந்து திரும்பத் திரும்ப இறக்கிறது என்று நம்பி, அதற்கு 'அபிகு' என்று பெயரிட்டார்கள். அப்படிப்பட்ட குழந்தையிடம் அவர்கள் நேரே பேசினார்கள். மாலோமோ, 'இனிப் போகாதே'. துரோஜையே, 'இருந்து வாழ்வை அனுபவி'. கோசோகோ, 'மண்வெட்டி இல்லை'. அதாவது, உனக்குக் குழி தோண்ட எங்களிடம் கருவி இல்லை. 1845 முதல் 1851இல் ஆங்கிலேயர் பீரங்கியால் தாக்கி விரட்டும்வரை லாகோஸை ஆண்ட மன்னரின் பெயர் கோசோகோ.

ஆனால் அழகற்ற பெயர்கள் எல்லாவற்றையும் இந்த அன்பின் கணக்கில் எழுதிவிடக் கூடாது. நம் கிராமங்களில் வேண்டாம், போதும்பொண்ணு என்ற பெயர்கள் உள்ளன; சீனத்தில் ஜாவோதி, 'தம்பியை அழைத்து வா' என்று மகளுக்குப் பெயரிடுகிறார்கள்; மராட்டியத்தில் நகுசி, 'வேண்டாதவள்'. குப்பன் என்று அழைத்த தாய் பொய் சொன்னாள். நகுசி என்று அழைத்த வீடு மனத்தில் இருந்ததை அப்படியே சொன்னது. அந்தச் சொல்லைச் சுமந்துகொண்டு ஒரு பெண் பள்ளி வருகைப் பதிவேட்டில் நாள்தோறும் எழுந்து நின்றாள். 2011 அக்டோபரில் சாதாரா மாவட்டத்தில் அரசே விழா எடுத்து, அப்பெயருள்ள 285 சிறுமியருக்குப் புதிய பெயர்ச் சான்றிதழ் வழங்கியது.

குப்பன்களின் பெயரை மாற்ற எந்த அரசும் விழா எடுக்கவில்லை. சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தியாவில் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் இருநூறுக்கு மேல் ஓராண்டு காணாமல் இறந்தன. 2020இல் அந்த எண் 28. அம்மை குத்தும் ஊசியும் மருத்துவமனைப் பிரசவமும் வந்ததும், தவிட்டுக்கு வேலையில்லாமல் போயிற்று. பெயர் மட்டும் சில காலம் பாட்டன் பெயராகப் பேரனுக்கு வந்து, பிறகு அவனுக்கே கூச்சமாகி, முதலெழுத்துக்குள் ஒடுங்கிவிட்டது.

உங்கள் வீட்டில் குப்பம்மாள் என்றோ பிச்சை என்றோ பெயருள்ள முதியவர் இருந்தால், அவருக்கு முன் அந்த வீட்டில் எத்தனை பிள்ளைகள் பிறந்தார்கள் என்று கேட்டுப் பாருங்கள். விடை தெரிந்தவர்கள் இன்னும் சிலரே இருக்கிறார்கள்.