சஃபோக் ஹவுஸ்: பினாங்கில் நிற்கும் மெட்ராஸ் வீடு

(காட்சி: ஆயர் ஈத்தாம் சாலை, பஸ் சத்தம். மரங்களுக்கு நடுவே தூண் வைத்த மாடி வீடு.)

வணக்கம். கொம்தாரிலிருந்து கெக் லோக் சி கோயில் பக்கம் போற பஸ்ல, மெதடிஸ்ட் ஆண்கள் பள்ளியை எத்தனை தடவை கடந்திருப்பீங்க? அதை ஒட்டி, ஆற்றோரமா நிற்கிற பெரிய வீடுதான் சஃபோக் ஹவுஸ்.

"பிரான்சிஸ் லைட் வாழ்ந்த வீடு"ன்னு சொல்லக் கேட்டிருப்பீங்க. அது பாதிதான் சரி. ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காகப் பினாங்குல குடியேற்றத்தைத் தொடங்கினவர் லைட். 1786ல இங்க கால் வைத்தார், 1794ல இறந்துட்டார். இந்தக் கல்வீடு எழுந்தது அதுக்கப்புறம், 1800களின் தொடக்கத்துல. அவர் இருந்தது இதே நிலத்துல, மரமும் அத்தாப்பு ஓலைக் கூரையுமா இருந்த ஒரு வீட்டுல. பேரு மட்டும் அவரோடது: இங்கிலாந்துல அவர் பிறந்த மாவட்டம் சஃபோக்.

(காட்சி: மிளகுக் கொடி, நெருக்கமாக.)

தோட்டம்னாலே நமக்கு ரப்பர்தான் ஞாபகம் வரும். லயம், கங்காணி, துரை பங்களா. அதுக்கெல்லாம் நூறு வருஷம் முந்தி இங்க இருந்தது மிளகு. 1790ல, முதல் சீனக் கப்பித்தான், அதாவது சீனர்களோட தலைவரான கோ லே ஹுவான், சுமாத்ராவில இருக்கிற ஆச்சேயிலிருந்து மிளகுக் கன்று கொண்டுவந்தார். லைட்டோட சஃபோக் எஸ்டேட்டும் மிளகுத் தோட்டம்தான்.

நம்ம ஆளுங்களும் அப்பவே இங்க இருந்தாங்க. 1794ல லைட் எழுதின ஒரு குறிப்புல, சோழமண்டலக் கரையிலிருந்து வந்த 'சூலியா'க்கள் ஆயிரம் பேர் குடியேறியிருக்காங்க, கடைக்காரர்களும் கூலிகளும்னு இருக்கு. அதுபோக, வருஷா வருஷம் கப்பல்ல வந்து போறவங்க 1300லேருந்து 2000 பேர்.

(காட்சி: வீட்டின் முகப்பு. கேமரா கீழிருந்து மேலே.)

சரி, வீட்டுக்கு வருவோம். இதைக் கட்டினவர், பின்னாடி பினாங்கு ஆளுநரான வில்லியம் எட்வர்ட் பிலிப்ஸ். கட்டட வரலாறு எழுதுறவங்க இதை 'ஜார்ஜியன்' பாணின்னு சொல்வாங்க. சதுர அமைப்பு, சமச்சீர் முகப்பு, வரிசையா தூண்கள். அதெல்லாம் இங்கிலாந்துலயும் உண்டு. ஆனா இந்த அகலமான வராந்தா? லண்டன்ல கிடைக்கிற கொஞ்ச வெயிலை இப்படி மறைச்சு வைக்க எவனுக்கும் மனசு வராது.

இது மெட்ராஸ்ல கத்துக்கிட்ட பாடம். ஜார்ஜ் கோட்டை நெரிசல்லேருந்து வெளியேறின கம்பெனி அதிகாரிகள், ஊருக்கு வெளியே பெரிய தோட்டம் வளைச்சு 'கார்டன் ஹவுஸ்' கட்டினாங்க. அடையாறு ஆற்றங்கரையில 1790களில் எழுந்த பிராடி கேசில் இன்னும் இருக்கு, அங்கதான் இசைக்கல்லூரி நடக்குது. இங்கயும் ஒரு ஆறு, சுத்தி ஒரு தோட்டம், அதே யோசனை.

வேலை செய்யுற விதம் எளிமை. தரையில ஈரம் ஏறும், அதனால விருந்தும் நடனமும் மாடியில. காத்தும் அங்கதான். வராந்தா வெயிலையும் சாரலையும் சுவருக்கு வரவிடாம நிறுத்தும். உயரமான கூரைக்குச் சூடு மேலே போயிடும், கீழே உட்கார்ந்தவனுக்கு இதம்.

அப்புறம் சுண்ணாம்பு. நம்ம ஊர்ல கிளிஞ்சலைச் சுட்டு, கடுக்காயும் வெல்லமும் ஊற வச்ச தண்ணி விட்டு, நாள் கணக்கா அரைச்சுப் பூசுவாங்க. பளிங்கு மாதிரி வழவழப்பு வரும். 'சுண்ணம்'ங்கிற நம்ம சொல்லையே வெள்ளைக்காரன் 'சுனம்'னு எடுத்துக்கிட்டான். சுண்ணாம்புப் பூச்சு உள்ள ஈரத்தை மெல்ல வெளியே விடும். பழைய செங்கல் சுவர்ல சிமெண்டு பூசினா ஈரம் உள்ளேயே அடைபடும். பழைய வீட்டை 'பழுது பார்க்கிறேன்'னு சிமெண்டு குழைக்கிறவங்களைப் பார்த்தா எனக்கு வயிறு எரியும்.

(காட்சி: கூரை இடிந்து கிடந்த காலத்துப் பழைய படம்.)

மிளகு விலை விழுந்தது, கை மாறி மாறி 1920களில் மெதடிஸ்ட் திருச்சபைகிட்ட வந்தது, பள்ளிக்கூடமாச்சு. 1970களில் ஆபத்தான கட்டடம்னு காலி பண்ணினாங்க. கூரை விழுந்து, சுவர்ல செடி முளைச்சு, பல வருஷம் அப்படியே கிடந்தது. 2000க்கு அப்புறம்தான் முழுசா மீட்டெடுத்தாங்க. 2008ல யுனெஸ்கோவோட ஆசிய பசிபிக் பாரம்பரிய விருது கிடைச்சது.

(காட்சி: மாடி வராந்தா, பக்கத்துப் பள்ளியின் மணிச்சத்தம்.)

போறவங்க மத்தியான வெயில்லயே போங்க. முதல்ல வெளியே முற்றத்துல ரெண்டு நிமிஷம் நில்லுங்க, அப்புறம் மாடி வராந்தாவுக்கு ஏறுங்க.