எழுதியவர்களும் எழுதப்பட்டவர்களும்

(இராஜதந்திரிகளின் நினைவு நூல்கள் பற்றி வெள்ளவத்தையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

சபைக்கு வணக்கம்.

தூதுவர்களும் வெளிவிவகாரச் செயலாளர்களும் ஓய்வுபெற்ற பின் எழுதும் புத்தகங்களைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். அது அந்தத் துறையில் வேலை பார்த்தவர்களுக்கான விடயம், எங்களுக்கு என்ன என்று சிலர் கேட்கலாம். இந்தப் புத்தகங்களை வாசிக்கும் கட்டாயம் எங்களுக்குத்தான் அதிகம் என்பது என் எண்ணம். மலையகத்தில் பிறந்தவரோ வடக்குக் கிழக்கில் பிறந்தவரோ, எங்கள் வாழ்க்கையைப் புரட்டிப்போட்ட தீர்மானங்கள் பல நாங்கள் இல்லாத அறைகளில் எடுக்கப்பட்டவை. உள்ளே இருந்தவர்கள் தங்கள் கதையை எழுதிவிட்டார்கள். எதை எழுதினார்கள், எதை விட்டார்கள் என்று பார்க்க வேண்டியது எங்கள் வேலை.

1964 ஒக்ரோபர் 30. புதுடில்லியில் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். 1948 பிரஜாவுரிமைச் சட்டம் நாடற்றவர்களாக்கிய மலையக மக்கள் அன்றைய கணக்கில் 975,000 பேர். அவர்களில் 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேருக்கு இலங்கைப் பிரஜாவுரிமை, மிச்சம் 150,000 பேரைப் பற்றிப் பிறகு பார்ப்போம் என்று விட்டார்கள். அந்தப் பிறகு 1974இல் வந்தது. சிறிமாவோவும் இந்திரா காந்தியும் ஆளுக்கு 75,000 என்று பிரித்துக்கொண்டார்கள். ஏன் சரிபாதி? ஒரு குடும்பம் எத்தனை தலைமுறையாக இங்கே வாழ்ந்தது, எங்கே சாக விரும்பியது என்ற எந்தக் கேள்விக்கும் சரிபாதி என்பது விடையாக முடியாது. இரண்டு அரசுகளுக்கும் கௌரவக் குறைவில்லாத எண் அது. தொழிலாளர் பிரதிநிதிகளுக்கு அந்த மேசையில் நாற்காலி இருக்கவில்லை.

பேச்சுவார்த்தை எழுத்துகளில் 1964 ஒரு சாதனையாக வரும். பழைய சிக்கல் ஒன்று தீர்ந்தது, இரண்டு அயல் நாடுகளின் உறவு சீரானது என்று வரும். அண்ணன் ஒரு பட்டியலிலும் தங்கை மற்றப் பட்டியலிலும் போனது வராது. மலைநாட்டுக் கோச்சி நிலையங்களில் ஒப்பாரி வைத்துப் பிரிந்தவர்கள் வரமாட்டார்கள். தலைமன்னாரில் கப்பலேறி இராமேஸ்வரத்தில் இறங்கியவர்களை அங்கே யாரும் வரவேற்கக் காத்திருக்கவில்லை என்பதும் வராது. அதையெல்லாம் மலையகத்தின் சிறுகதைக்காரர்களும் நாட்டார் பாடல்காரர்களும்தான் எங்களுக்குச் சொன்னார்கள்.

இதற்கு விதிவிலக்காக ஒருவரைச் சொல்ல வேண்டும். கோபாலகிருஷ்ண காந்தி, காந்தியடிகளுக்கும் இராஜாஜிக்கும் பேரன். பின்னாளில் 2000இல் இங்கே உயர்ஸ்தானிகராக வந்தவர். அதற்கு முன் 1978 முதல் 1982 வரை கண்டியிலுள்ள இந்திய அலுவலகத்தில், தாயகம் திரும்புவோரின் விவகாரங்களைப் பார்த்தவர். அந்த உத்தியோகத்தர் தோட்ட மக்களின் வாழ்வை நாவலாக எழுதினார். கோப்புக்குள் அடங்காத மனிதர்கள் தன் முன்னால் நின்றதை அவர் கண்டிருக்கிறார். அவர் மேல் எனக்குப் பெரிய மரியாதை.

அடுத்து, கொஞ்சம் தூரமான ஓர் உதாரணம். கே. எம். பணிக்கர் பீக்கிங்கில் இந்தியத் தூதுவராக இருந்தவர். கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வருமுன் இருந்த சீனம், வந்தபின் இருந்த சீனம் என்ற இரண்டு சீனங்களில் பணியாற்றிய அனுபவத்தை 1955இல் புத்தகமாக்கினார். 1950 ஒக்ரோபர் தொடக்கத்தில் ஒரு நள்ளிரவு அவரைத் தூக்கத்தால் எழுப்பிச் சீனப் பிரதமர் சூ என்லாயிடம் அழைத்துப் போகிறார்கள். அமெரிக்கப் படைகள் கொரியாவில் வடக்கையும் தெற்கையும் பிரித்த 38ஆவது அகலக்கோட்டைத் தாண்டினால் சீனா தலையிடும் என்கிறார் சூ. பணிக்கர் உடனே டில்லிக்கு அறிவிக்கிறார். செய்தி வொஷிங்டனுக்கும் போகிறது. அங்கே நம்பவில்லை. பணிக்கர் கம்யூனிஸ்டுகள் பக்கம் சாய்ந்தவர் என்று தள்ளிவிட்டார்கள். சில நாட்களில் அமெரிக்கப் படை கோட்டைத் தாண்டியது. அதே மாதம் சீனப் படை எல்லையிலுள்ள யாலு நதியைக் கடந்து கொரியாவுக்குள் வந்தது. ஒரு தூதுவர் சரியாகக் கேட்டு, சரியாகச் சொன்னார். சொன்னவரைப் பிடிக்காததால் சொல் விழுந்துபோனது. இந்த மாதிரி இடங்களுக்காகவே நினைவு நூல்களை வாசிக்க வேண்டும். ஒப்பந்தத்தின் வாசகம் ஆவணக் காப்பகத்தில் கிடைக்கும். யார் யாரை நம்பவில்லை என்பது இந்தப் புத்தகங்களில்தான் கிடைக்கும்.

கவனமும் வேண்டும். இலங்கையின் முன்னாள் பிரதமர் சேர் ஜோன் கொத்தலாவல 1956இல் வெளியிட்ட நூலில், 1955இல் ஆசிய ஆபிரிக்க நாடுகள் கூடிய பாண்டுங் மாநாட்டில் நேரு தன்மேல் கோபித்த கதை வருகிறது. பேச்சை முன்கூட்டியே காட்டியிருக்கலாமே என்று நேரு கேட்க, உங்கள் பேச்சை நீங்கள் எனக்குக் காட்டுகிறீர்களா என்று சேர் ஜோன் திருப்பிக் கேட்டாராம். ரசிக்கக்கூடிய இடம். ஆனால் இந்த வகை நூல்களில், உரையாடலில் தோற்றுப்போன நூலாசிரியரைக் காண்பது அரிது.

இப்போது 1987. இதில் நான் நின்று பேசத்தான் வேண்டும். ஜே. என். திக்சித் 1985 முதல் 1989 வரை கொழும்பில் இந்திய உயர்ஸ்தானிகர். அவருடைய கொழும்பு நூல் 1998இல் வந்தது. 1987 யூலை 29இன் இந்திய இலங்கை ஒப்பந்தம் எப்படி உருவானது என்பதற்கு அதைவிட நெருக்கமான இந்தியச் சாட்சி கிடையாது. ஒப்பந்தப்படி இங்கே வந்த இந்திய அமைதிப்படையைப் புலிகள் எதிர்த்தால் சில வாரங்களில் அடக்கிவிடலாம் என்ற நம்பிக்கை இந்திய இராணுவத் தலைமையிடம் இருந்ததை அவர் மறைக்கவில்லை. அந்தச் சில வாரங்கள் 1990 மார்ச் வரை நீண்டன. ஆயிரத்துக்கு மேற்பட்ட இந்தியச் சிப்பாய்களும், எண்ணி முடிக்காத எங்கள் மக்களும் இறந்தார்கள்.

அந்த யூலையில் டில்லி அசோகா ஹோட்டலில் புலிகளின் தலைவர் பிரபாகரனும் அவருடைய ஆலோசகர் அன்ரன் பாலசிங்கமும் தங்கவைக்கப்பட்டிருந்தார்கள். திக்சித் அங்கே போய்ப் பேசினார். பாலசிங்கமும் பின்னர் தன் நூலில் அதை எழுதினார். திக்சித்தை வாசித்தால் அது ஒரு பேச்சுவார்த்தை. பாலசிங்கத்தை வாசித்தால் அது காவலுக்குள் நடந்த மிரட்டல். ஒன்றை மட்டும் வாசித்துவிட்டு வாதாட வருகிறவர்களை நிறையக் கண்டிருக்கிறேன். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். இருவரும் ஒத்துப்போகிற இடம் உறுதியான நிலம். முரண்படுகிற இடத்தில் ஏன் முரண்படுகிறார்கள் என்று கேட்கத் தொடங்கலாம்.

மூன்றாவது சாட்சியும் உண்டு. அமைதிப்படையின் முதல் தளபதி ஹர்கிரத் சிங் 2007இல் எழுதினார். 1987 செப்ரெம்பரில், பேச வரும் பிரபாகரனைப் பிடிக்கும்படி அல்லது சுடும்படி திக்சித் தனக்குத் தொலைபேசியில் சொன்னதாகவும், வெள்ளைக்கொடியின் கீழ் வருகிறவரைச் சுடமாட்டேன் என்று தான் மறுத்ததாகவும் அவர் எழுதியிருக்கிறார். மிகப் பாரதூரமான குற்றச்சாட்டு. அந்தப் புத்தகம் வரும்போது திக்சித் உயிரோடு இல்லை. 2005 ஜனவரியில் இறந்துவிட்டார். தளபதி சொன்னது பொய் என்று சொல்ல எனக்கு ஆதாரம் இல்லை, மெய் என்று தீர்ப்பெழுதவும் முடியாது. நினைவு நூலை எடுத்ததும் வெளிவந்த ஆண்டைப் பாருங்கள்; அந்த ஆண்டில் பதில் சொல்லக்கூடியவர்களில் யார் யார் உயிரோடு இருந்தார்கள் என்றும் பாருங்கள்.

சிவசங்கர் மேனனும் இங்கே உயர்ஸ்தானிகராக இருந்தவர், 2009இல் இந்திய வெளியுறவுச் செயலாளர். 2016இல் வந்த அவர் நூலில், இங்கே போர் முடிந்த அந்த 2009ஐப் பற்றி ஓர் அத்தியாயம் உண்டு. படைபலம் பலன் தரும் என்ற பொருளில் தலைப்பு. அதைக் கண்டதும் புத்தகத்தை மூடிவைத்தேன். பின் திறந்து முழுவதும் வாசித்தேன். நீங்களும் வாசியுங்கள், வலித்தாலும்.

எங்கள் பக்கம் என்ன இருக்கிறது? சேர் கந்தையா வைத்தியநாதனைத் திருக்கேதீஸ்வரத் திருப்பணிக்காக எல்லோருக்கும் தெரியும். சுதந்திர இலங்கையின் வெளிவிவகார, பாதுகாப்பு அமைச்சின் முதல் நிரந்தரச் செயலாளர் அவர்தான் என்பது இந்த மண்டபத்தில் எத்தனை பேருக்குத் தெரியும்? லக்ஷ்மன் கதிர்காமர் இரண்டு தடவை வெளிவிவகார அமைச்சராக இருந்தார். அவரைப் பற்றி இங்கேயே இரண்டு அபிப்பிராயம் இருக்கும், இருக்கட்டும். 2005 ஓகஸ்ட் 12இல் இதே நகரத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். பேச்சுகள் இருக்கின்றன, தன் வரலாற்றை அவர் எழுதவில்லை. ஒரு தமிழர் அந்த நாற்காலியில் அமர்ந்து என்ன நினைத்தார், எதை விழுங்கினார் என்பதை அவர் வாயால் இனி அறிய வழியில்லை.

பெரியவர்கள் மட்டும் என்று நினைக்காதீர்கள். கோட்டையிலுள்ள அமைச்சில் தட்டெழுதியவர்கள், பேச்சுவார்த்தைகளில் மொழிபெயர்த்தவர்கள், தூதரகங்களில் விசா மேசையில் இருந்தவர்கள், பிரஜாவுரிமை விண்ணப்பங்களை அடுக்கியவர்கள் பலர் பம்பலப்பிட்டியிலும் இங்கேயும் எங்களோடு வாழ்கிறார்கள். உத்தியோக இரகசியத்தை உடைக்கச் சொல்லவில்லை. அறையில் யார் எங்கே இருந்தார்கள், யார் பேசாமல் இருந்தார்கள், வெளியே வந்ததும் என்ன கதைத்தார்கள் என்பதில் இரகசியம் ஒன்றும் இல்லை. ஆங்கிலத்தில் வேண்டாம், தமிழில் சொல்லுங்கள். எழுத ஏலாதவர்கள் பேசுங்கள், பேரப்பிள்ளைகள் கைத்தொலைபேசியில் பதியட்டும். பிள்ளைகள் வெளிநாடு போனபின் வீடு விற்கும்போது பழைய கடதாசிப் பெட்டிகளைக் கழிவுக் கடதாசிக்காரரிடம் கொடுத்துவிடாதீர்கள். நூலகம் நிறுவனம் 2005 முதல் எங்கள் ஆவணங்களை எண்ணிமப்படுத்தி வருகிறது, அவர்களிடம் காட்டுங்கள்.

கூட்டம் முடிந்ததும் நான் வாசலடியில் நிற்பேன். வீட்டில் அப்படியான பெட்டி உள்ளவர்கள், அப்படியான ஒரு மாமாவையோ அன்ரியையோ தெரிந்தவர்கள், தயவுசெய்து வந்து என்னோடு கதையுங்கள். பெயரையும் வீட்டு விலாசத்தையும் எழுதிக்கொள்ள ஒரு கொப்பி கொண்டுவந்திருக்கிறேன்.