கடலுக்குப் பாதை: செங்கடலின் தென்வாயிலில் நிலமும் அதிகாரமும்

அவைத் தலைவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

பெர்லின் சுவர் விழுந்ததற்குப் பிந்தைய பத்தாண்டுகளில், இனி நிலப்படத்துக்குப் பெரிய வேலை இருக்காது என்று படித்தவர்கள் பலரும் நம்பினார்கள். பணம் நொடியில் கண்டம் தாண்டுகிறது, ஒரு நாட்டில் தைத்த சட்டையை இன்னொரு நாட்டில் விற்கிறார்கள், அப்படியிருக்க மலையும் கடலும் எல்லைக்கோடும் யாரைத் தடுத்துவிடும் என்று கேட்டார்கள். அந்த நம்பிக்கை பொய்த்துப்போனது என்று பொதுவாகச் சொல்லிவிட்டுப் போவது எளிது. என் கருத்து அதைவிடச் சற்றுக் குறுகியது. எங்கும் பரவிக் கிடந்த நிலத்தின் எடையை உலகமயம் ஒரு சில இடுக்குகளில் கொண்டுபோய்க் குவித்துவிட்டது. அந்த இடுக்குகளில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு பேசுகிறேன்.

செங்கடலின் தென்கோடியில், ஏமனுக்கும் ஆப்பிரிக்கக் கரைக்கும் நடுவே, ஏறத்தாழ முப்பது கிலோமீட்டர் அகலத்தில் இருக்கிறது பாப்-எல்-மண்டேப் நீரிணை. அதன் நடுவே பெரிம் என்ற சிறு தீவு கிடந்து வழியை இரண்டாகப் பிரிக்கிறது. சூயஸ் கால்வாய் வழியாக ஆசியாவுக்கும் ஐரோப்பாவுக்கும் இடையே போகும் கப்பல் எதுவானாலும் இதைக் கடந்தாக வேண்டும். இந்தக் கடல் நமக்கும் புதியதல்ல. எகிப்தின் செங்கடல் கரையில் உள்ள குசைர் அல்-காதிமில் தமிழ் பிராமி எழுத்துப் பொறித்த பானை ஓடு கிடைத்திருக்கிறது என்பதை இங்கே பலர் அறிவீர்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஐரோப்பியர் இந்தக் கரைகளை ஒன்றன்பின் ஒன்றாகப் பிடித்தார்கள். 1839இல் ஏடனைப் பிரிட்டன் எடுத்தது. 1862இல் ஒபோக்கைப் பிரான்சு பெற்றது. கால்வாய் திறந்த 1869ஆம் ஆண்டிலேயே ஓர் இத்தாலியக் கப்பல் நிறுவனம் இன்றைய எரித்திரியாவில் உள்ள அசாபில் நிலம் வாங்கியது. மூவருக்கும் வேண்டியிருந்தது விளைநிலமன்று. நீராவிக் கப்பல்களுக்குக் கரி நிரப்ப ஒரு துறை, அவ்வளவே.

பிரான்சு பிடித்த அந்தத் துண்டுதான் 1977இல் விடுதலை பெற்று ஜிபூட்டி என்ற நாடானது. பரப்பு ஏறத்தாழ 23,200 சதுர கிலோமீட்டர், அதாவது தமிழ்நாட்டின் ஐந்தில் ஒரு பங்குக்கும் குறைவு. மக்கள்தொகை பத்து லட்சத்தைச் சற்றே தாண்டும். ஆறு என்று சொல்ல ஆண்டு முழுவதும் ஓடும் ஓர் ஓடைகூட இல்லை. வேளாண்மை மிகச் சொற்பம். இருந்தும் அமெரிக்கா, பிரான்சு, சீனா, ஜப்பான், இத்தாலி ஆகிய ஐந்து நாடுகளும் அங்கே படைத்தளம் வைத்திருக்கின்றன. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஜப்பான் வெளிநாட்டில் அமைத்த முதல் தளம் ஜிபூட்டியில்தான், 2011இல் அமைந்தது. சீனாவின் முதல் வெளிநாட்டுத் தளமும் அங்கேதான், 2017இல் திறக்கப்பட்டது. அமெரிக்காவின் கேம்ப் லெமோனியர் தளத்துக்கு மட்டும் 2014ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி ஆண்டுக் குத்தகை ஏறத்தாழ 6.3 கோடி டாலர். அமெரிக்கத் தளத்துக்கும் சீனத் தளத்துக்கும் இடையே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர்தான் தொலைவு. சீனத் தளத்திலிருந்து வந்த லேசர் ஒளி தங்கள் விமானிகளின் கண்களைத் தாக்கியதாக 2018இல் அமெரிக்கா புகார் சொன்னது, சீனா மறுத்தது. உலகின் இரு பெரும் வல்லரசுகள் அண்டை வீட்டார்போலச் சச்சரவிட்டுக்கொண்டாலும், இருவரிடமும் வாடகை வாங்கிக்கொண்டு ஒரு சிறிய அரசு அமைதியாக இருக்க முடிகிறது.

ஆனால் இடத்தின் பலம் மக்களின் பலமாகிவிடும் என்று இதிலிருந்து முடிவுகட்டக் கூடாது. ஜிபூட்டியில் 1999 முதல் ஒருவரே குடியரசுத் தலைவராக இருக்கிறார். விளைச்சலுக்கும் வரிக்கும் குடிமக்களை நம்பியிருக்கும் அரசு அவர்களுக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கும். அமைவிடத்தின் வாடகையில் வாழும் அரசுக்கு அந்தக் கட்டாயம் குறைவு.

மறுபக்கம் ஜிபூட்டியின் அண்டை நாடான எத்தியோப்பியா. மக்கள்தொகை 12 கோடிக்கு மேல். கடற்கரை இல்லாத நாடுகளில் மக்கள்தொகையால் உலகிலேயே மிகப் பெரியது. நம் ஊர்ப் பக்கம் நிலத் தகராறுகளைப் பார்த்தவர்களுக்கு இதன் நிலைமையை விளக்கத் தேவையில்லை: நல்ல நஞ்சை, வற்றாத கிணறு, எல்லாம் இருந்தும் சாலைக்கு வர வண்டிப்பாதை மட்டும் இல்லாத விவசாயியின் நிலைமை அது. எரித்திரியா 1952இல் எத்தியோப்பியாவோடு கூட்டாட்சியாக இணைக்கப்பட்டு, 1962இல் முழுமையாக விழுங்கப்பட்டு, முப்பது ஆண்டுப் போருக்குப் பின் 1993இல் பிரிந்தபோது, கடற்கரை முழுவதும் அதனோடு போய்விட்டது. அதற்குப் பிறகும் சில ஆண்டுகள் எத்தியோப்பியச் சரக்கு அசாப் துறைமுகம் வழியாகவே போய்க்கொண்டிருந்தது. 1998இல் இரு நாடுகளுக்கும் எல்லைப் போர் மூண்டதும் அந்த வழி அடைபட்டது. அன்றுமுதல் எத்தியோப்பியாவின் வெளிநாட்டு வணிகத்தில் தொண்ணூறு விழுக்காட்டுக்கு மேல் ஜிபூட்டி வழியாகத்தான் நடக்கிறது. கலாஃபி எல்லைச் சாவடியில் லாரிகள் மைல் கணக்கில் வரிசை கட்டி நிற்கும். பிரெஞ்சுக்காரர் போட்டு 1917இல் எத்தியோப்பியத் தலைநகர் அடிஸ் அபாபாவை எட்டிய பழைய ரயில் பாதைக்குப் பதிலாக, ஏறத்தாழ 750 கிலோமீட்டருக்குச் சீன நிறுவனங்கள் மின்ரயில் பாதை அமைத்து 2016இல் திறந்தன. அதன் கடன் சீன வங்கிக்குப் போகிறது, துறைமுகக் கட்டணம் ஜிபூட்டிக்குப் போகிறது.

இந்த உறவு ஒருவழிப்பட்டதும் அன்று. 2011 முதல் எத்தியோப்பியாவிலிருந்து ஜிபூட்டிக்கு மின்சாரம் வருகிறது. எத்தியோப்பியாவின் சோமாலி மாநிலத்தில் தோண்டிய கிணறுகளிலிருந்து நூறு கிலோமீட்டர் நீளமுள்ள குழாயில் 2017 முதல் குடிநீரும் வருகிறது. வாயிலை வைத்திருப்பவர் தண்ணீருக்கும் விளக்குக்கும் உள்வீட்டாரை எதிர்பார்த்திருக்கிறார் என்பதால்தான் இருவருக்கும் இடையே பேச்சு முறியாமல் இருக்கிறது. உலகமயம் அமைதியைத் தரும் என்று சொன்னவர்கள் முற்றிலும் தவறாகச் சொல்லவில்லை. இரு பக்கமும் பிடி இருந்தால்தான் அது நடக்கும் என்பதைச் சேர்த்துச் சொல்லாமல் விட்டுவிட்டார்கள்.

எத்தியோப்பியப் பிரதமர் அபி அகமது எரித்திரியாவோடு சமாதானம் செய்ததற்காக 2019இல் நோபல் பரிசு பெற்றவர். அவரே 2023 அக்டோபரில், கடல் இல்லாமை தம் நாட்டுக்கு ஒரு புவியியல் சிறை என்ற பொருள்படப் பேசினார். 2024 ஜனவரி முதல் நாள், சோமாலியாவிலிருந்து பிரிந்துவிட்டதாக அறிவித்துக்கொண்டும் அதுவரை உலகம் தனி நாடாக ஏற்றிராத சோமாலிலாந்தோடு ஓர் உடன்படிக்கை செய்துகொண்டார்: 20 கிலோமீட்டர் கடற்கரை ஐம்பது ஆண்டுக் குத்தகைக்கு, பதிலுக்கு அங்கீகாரம் கிடைக்கும் என்று சோமாலிலாந்து அறிவித்தது. சோமாலியா கொதித்தெழுந்தது. அதற்குத் துணையாக வந்து நின்றது எகிப்து. அந்த ஆகஸ்டிலேயே சோமாலியத் தலைநகர் மொகதிசுவுக்கு எகிப்திய ஆயுதங்கள் போய் இறங்கின.

எகிப்துக்கு அங்கே என்ன வேலை என்று கேட்டால், விடை நைல் நதியில் இருக்கிறது. எகிப்தை எட்டும் நைல் நீரில் ஏறத்தாழ 85 விழுக்காடு எத்தியோப்பிய மேட்டுநிலத்தில் பிறப்பது. அங்கே நீல நைலின் குறுக்கே 2011இல் தொடங்கிய பேரணை 2025 செப்டம்பரில் முறைப்படி திறக்கப்பட்டது. ஆற்றின் தலைப்பகுதி ஒருவர் கையில், கடலின் வாயில்கள் பிறர் கையில். தலைமடையில் இருப்பவரைத் தண்ணீர் விஷயத்தில் அசைக்க முடியாத கடைமடைக்காரர், அவருடைய கடல்வழியில் போய் நிற்கிறார். காவிரியைப் பற்றிப் பேசிப் பழகிய நமக்கு முதல் பாதி நன்றாகப் புரியும். கடைமடைக்காரர் கையிலும் ஒரு பிடி இருப்பதுதான் இங்கே வேறுபாடு.

இதுவரை அரசுகளைப் பற்றிச் சொன்னேன். இடுக்கின் கரையில் நிற்பவர் அரசாகவே இருக்க வேண்டியதில்லை என்பதை ஏமனின் கிளர்ச்சிப் படையினரான ஹூதிகள் காட்டினார்கள். 2023 நவம்பர் 19 அன்று ஹெலிகாப்டரில் வந்து கேலக்ஸி லீடர் கப்பலைக் கைப்பற்றினார்கள். பிறகு ட்ரோன்களாலும் ஏவுகணைகளாலும் தாக்கத் தொடங்கினார்கள். பெரிய கப்பல் நிறுவனங்கள் நன்னம்பிக்கை முனையைச் சுற்றிப்போகத் தலைப்பட்டன. பயணம் ஒன்றுக்குப் பத்து நாளோ இரண்டு வாரமோ கூடியது. சூயஸ் கால்வாயின் வருவாய் 2023இல் ஆயிரம் கோடி டாலரைத் தாண்டியிருந்தது, 2024இல் ஏறத்தாழ 400 கோடியாகச் சரிந்தது. அடிபட்ட ருபிமார் என்ற உரக்கப்பல் நங்கூரத்தோடு மிதந்து சென்றபோது, அந்த நங்கூரம் உரசியே கடலடித் தகவல் கேபிள்கள் அறுந்திருக்க வேண்டும் என்று கருதப்படுகிறது. எல்லைகளைக் கடந்துவிட்டதாக நாம் பெருமைப்படும் இணையம், அந்த முப்பது கிலோமீட்டர் இடுக்கின் தரையில்தான் கயிறாகக் கிடக்கிறது. திருப்பூர்ப் பின்னலாடை தூத்துக்குடியிலிருந்து சிறு கப்பலில் கொழும்பு போய், அங்கே பெரிய கப்பல் மாறி ஐரோப்பாவுக்குப் போவது வழக்கம். அந்த மாதங்களில் கப்பல் வாடகை ஏறியதையும் சரக்கு தாமதப்பட்டதையும் ஏற்றுமதியாளர்களைக் கேட்டால் தெரியும்.

ஒப்பந்தமும் பன்னாட்டுச் சட்டமும் நிலத்தை வென்றுவிடும் என்போருக்கு இன்னொரு செய்தி. ஜிபூட்டியின் டொராலே கன்டெய்னர் முனையத்தை முப்பது ஆண்டு உரிமையில் நடத்திவந்த துபாயின் டிபி வேர்ல்டு நிறுவனத்திடமிருந்து 2018 பிப்ரவரியில் ஜிபூட்டி அரசு அதைப் பறித்துக்கொண்டது. ஒப்பந்தம் இன்னும் செல்லும் என்று லண்டன் நடுவர் தீர்ப்பாயம் அதே ஆண்டு தீர்ப்பளித்தது. தீர்ப்பு லண்டனில் இருந்தது, கிரேன்கள் ஜிபூட்டியில் இருந்தன. முனையம் திரும்பக் கிடைக்கவில்லை.

அப்படியானால் புவியியலே விதியா? இல்லை என்பதற்கு எரித்திரியாவே சான்று. ஆயிரம் கிலோமீட்டருக்கு மேற்பட்ட செங்கடல் கரை, மசாவா, அசாப் என இரு துறைமுகங்கள், முதுகுக்குப் பின்னால் 12 கோடிப் பேரின் சந்தை. இவ்வளவும் இருந்து, ஜிபூட்டிக்குக் கிடைக்கும் வருவாய் அதற்கு வாய்க்கவில்லை. அண்டை நாடுகளோடு பகை, நீண்டகாலத் தனிமை, இளைஞர்களை ஆண்டுக்கணக்கில் பிடித்துவைக்கும் கட்டாயப் படைச்சேவை ஆகியவை அந்தக் கரையை அதன் மக்களுக்கே பயனற்றதாக்கிவிட்டன. இடம் ஒரு வாய்ப்பைத் தருகிறது. பிறர் அந்த இடத்தை நாடி வரும்படி செய்வது ஆட்சியின் வேலை.

இப்போது எத்தியோப்பியத் தலைவர்கள் வெளிப்படையாகவே அசாபைக் குறித்துப் பேசுகிறார்கள். நிலம் சூழ்ந்த நாடுகளுக்குக் கடலை அடையும் உரிமை உண்டு என்று 1982ஆம் ஆண்டின் கடல் சட்ட உடன்படிக்கை சொல்கிறது. ஆனால் நிபந்தனைகளை வழிவிடும் நாட்டோடு பேசித்தான் முடிவுசெய்ய வேண்டும் என்றும் அதே பிரிவு சொல்கிறது. விடுதலையின்போது இருந்த எல்லைகளை மாற்றக் கூடாது என்று ஆப்பிரிக்க நாடுகள் 1964இல் கெய்ரோவில் ஏற்ற தீர்மானமும் நிற்கிறது. 2024 டிசம்பரில் அங்காராவில் சோமாலியாவும் எத்தியோப்பியாவும் செய்துகொண்ட பிரகடனம், சோமாலியாவின் இறையாண்மைக்கு உட்பட்ட கடல்வழி என்றே பேசுகிறது. அடிஸ் அபாபா கேட்பது வழியாக இருந்தால் அதற்கு விலை உண்டு, ஒப்பந்தம் உண்டு, மின்சாரத்தையும் தண்ணீரையும் வைத்துப் பேரம் பேச இடமும் உண்டு. அது உடைமையைக் கேட்கத் தொடங்கினால், 1998இல் தொடங்கி இரண்டு ஆண்டு நடந்து பல்லாயிரம் உயிர்களைக் குடித்த போர் மறுபடியும் அதே எல்லையில் மூளும் என்றே நான் அஞ்சுகிறேன்.