அந்த அம்மா கேட்ட கேள்வி
(மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் இளைஞர்களிடம் பேசியது)

எல்லாருக்கும் வணக்கம். ஆவணப்படம் எடுக்க ஆசை என்று உங்களில் சிலர் சொன்னீர்கள். அதனால்தான் இன்று இந்திய ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனைப் பற்றிப் பேசுகிறேன்.

1974-75-ல் பீகார் மக்கள் எழுச்சியைப் படமாக்கியவர். நெருக்கடி நிலை வந்ததும் அந்தப் படத்தைத் துண்டு துண்டாக வெளிநாட்டுக்குக் கடத்த வேண்டியிருந்தது. பின்னால் எடுத்த படங்கள் அரசுத் தொலைக்காட்சியான தூர்தர்ஷனில் வருவதற்கு நீதிமன்றம் ஏறினார். பெரிய துணிச்சல்தான். ஆனால் எனக்கு அவரிடம் பிடித்தது வேறு.

1985-ல் பம்பாய்க் குடிசைவாசிகளைப் பற்றி 'ஹமாரா ஷஹர்' எடுத்தார். அதில் ஒரு பெண் கேமராவைப் பார்த்துச் சீறுகிறார்: படம் பிடித்து நீ பேர் வாங்கிக்கொள்வாய், எங்களுக்கு என்ன ஆகப்போகிறது என்று. வெட்டி எறிந்திருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. அவர் வெட்டவில்லை.

அதே படத்தில் பாடியவர் கவிஞர் விலாஸ் கோக்ரே. 1997-ல் மும்பை ரமாபாய் நகரில் போலீஸ் சுட்டு 10 தலித்துகள் இறந்தார்கள். அந்தத் துயரத்தில் அவர் உயிரை மாய்த்துக்கொண்டார். அப்போது தொடங்கிய படத்தை முடிக்க பட்வர்தனுக்கு 14 ஆண்டுகள் ஆயின. முடித்ததும் 'ஜெய் பீம் காம்ரேட்' படத்தை அந்த மக்களின் குடியிருப்புகளுக்கே கொண்டுபோய்க் காட்டினார்.

சரி, நம் ஊருக்கு வருவோம். 1942-43-ல் சயாம் (இன்றைய தாய்லாந்து) மரண ரயில் பாதை போட மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்களை ஜப்பானியர்கள் கொண்டுபோனார்கள். 415 கிலோமீட்டர் பாதை. பல்லாயிரம் பேர் திரும்பவே இல்லை. அவர்களுடைய பிள்ளைகள் இன்று 80-ஐத் தாண்டிவிட்டார்கள். தோட்டங்களைத் துண்டு போட்டு விற்ற தோட்டத் துண்டாடலின்போது நம்ம ஊர் துன் சம்பந்தன் 1960-ல் தொடங்கிய கூட்டுறவுச் சங்கத்துக்கு, ரப்பர் பால் வெட்டிய கூலியில் மாதம் 10 வெள்ளி கட்டிய கதையும் அவர்களிடம்தான் இருக்கிறது.

அவர்களிடம் மைக்கை நீட்டி, அழவைத்து, சோக இசை போடாதீர்கள். அப்படிப்பட்ட படங்களைப் பார்த்தால் எனக்குக் கோபம்தான் வருகிறது. உட்கார்ந்து தேத்தண்ணி குடியுங்கள். பெரட்டுக்கு (தோட்டத்தில் காலையில் ஆள் கணக்கெடுப்பதற்கு) எத்தனை மணிக்கு எழுந்தீர்கள், கடையில் கடன் எவ்வளவு இருந்தது என்று கேளுங்கள். "இதை எடுத்து என்னய்யா பண்ணப்போற?" என்று பாட்டி கேட்டால், அதுவும் படத்தில் இருக்கட்டும். போட்டிக்கு அனுப்புவதற்கு முன்னால் கோயில் மண்டபத்தில் அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். "இது அப்படி நடக்கல" என்றால் திருத்துங்கள்.

அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்று மட்டும் விடாதீர்கள். சயாமுக்குப் போனவர்கள் யார் யார் என்று இன்று ராத்திரியே உங்கள் வீட்டில் கேளுங்கள்.