ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம்

பெரியோர்களே, தாய்மார்களே, வணக்கம்.

1892-இல் கோயம்புத்தூரில் பிறந்த நம் ஊர்க்காரர் ஆர்.கே. சண்முகம் செட்டியாரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். அவர் பெயரை எடுத்ததும் 'சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சர்' என்று சொல்லி நிறுத்திவிடுகிறோம். அது பெரிய பெருமைதான். 1947 நவம்பர் 26 அன்று அவர் தாக்கல் செய்த பட்ஜெட் ஏழரை மாதத்துக்கானது. வரவு 171 கோடி ரூபாய், செலவு 197 கோடி. அதில் ராணுவத்துக்கே 92 கோடிக்கு மேல் போயிற்று. நாடு இரண்டாகி, அகதிகள் ரயில் ரயிலாக வந்து இறங்கிய நேரம் அது. துண்டு விழாமல் எப்படி இருக்கும்?

அதற்கு முன்பே மத்திய சட்டசபையின் தலைவராக இருந்தவர். 1935 முதல் 1941 வரை கொச்சி சமஸ்தானத்தின் திவான், அதாவது தலைமை அமைச்சர். 1938-இல் அங்கே மக்கள் தேர்ந்தெடுத்த மன்றத்துக்குப் பதில் சொல்லும் அமைச்சர் ஒருவர் வந்தது இவர் காலத்தில்தான். 1944-இல் உலக நாடுகள் கூடிப் பணவியல் ஏற்பாடுகளை வகுத்த பிரெட்டன் வுட்ஸ் மாநாட்டுக்குப் போன இந்தியக் குழுவிலும் இருந்தார்.

ஆனால் எனக்கு அவரை மிகவும் பிடித்தது வேறொரு காரணத்துக்காக. அந்தக் காலக் கச்சேரிகளில் மூன்று மணி நேரம் தெலுங்கும் சமஸ்கிருதமும் பாடிவிட்டு, ஜனங்கள் செருப்பைத் தேடும் நேரத்தில் தமிழ்ப் பாட்டு ஒன்றைத் துக்கடாவாகப் பாடுவார்கள். கேட்க வந்தவனின் மொழிக்கு மிச்சம் மீதிதான் பங்கு. கச்சேரிகளில் தமிழ்ப் பாட்டுக்கு உரிய இடம் கேட்டு ராஜா அண்ணாமலைச் செட்டியார் தொடங்கிய தமிழிசை இயக்கத்தில் சண்முகம் செட்டியாரும் முன்னால் வந்து நின்றார். 'இசைக்கு ஏது மொழி' என்று வித்வான்களும் பத்திரிகைகளும் சீறிய காலம் அது. சர் பட்டம் பெற்ற பெரிய மனிதர், அந்தப் பொல்லாப்பு தமக்கு எதற்கு என்று ஒதுங்கியிருக்கலாம். அவர் ஒதுங்கவில்லை.

அதோடு விட்டாரா? சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்துக்கு உரையே எழுதினார். அந்தக் காண்டத்தில்தான் அரங்கேற்று காதை வருகிறது. மேடைக்கு ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம் என்று அந்தக் கால அளவுகோலால் அளவு சொல்கிறார் இளங்கோ. ஐந்து வயதில் தொடங்கி ஏழாண்டு பயின்று, பன்னிரண்டு வயதில் மாதவி அந்த மேடை ஏறுகிறாள். பரிசு ஆயிரத்தெட்டுக் கழஞ்சு பொன்; கழஞ்சு என்பது அந்தக் கால எடை. யாழ், குழல், தண்ணுமை ஆசிரியர்களுக்குத் தனித்தனியே இலக்கணம் வேறு. கணக்கு வழக்கிலேயே ஊறிய மனிதர் இந்த வரிகளில் எவ்வளவு நேரம் நின்றிருப்பார் என்று நினைத்துப் பார்க்கிறேன். தமிழனுக்கு இசை இரவல் இல்லை என்பதற்கு இதைவிடப் பழைய பேரேடு அவருக்கு எங்கே கிடைத்திருக்கும்?

நேரமாகிவிட்டது. பக்கவாத்தியக்காரர்கள் சுருதி கூட்டிக் காத்திருக்கிறார்கள். இன்று பாடப்போகிற பெண் வர்ணத்திலிருந்து மங்களம் வரை தமிழிலேயே பாடுகிறார். யாரும் நடுவில் எழுந்து போய்விடாதீர்கள்.