செங்கல் சூளை போட்ட நாராயண பிள்ளை

வணக்கம் மக்களே! பின்னாடி கோபுரம் தெரியுதா? சிங்கப்பூர் சவுத் பிரிட்ஜ் ரோடு மாரியம்மன் கோயில். இதைக் கட்டினது யாருன்னு கேட்டா, நாராயண பிள்ளைன்னு டக்குனு சொல்லிடுவீங்க. சரி, அவர் என்ன தொழில் பண்ணாரு? இங்கதான் பாதிப் பேர் முழிப்பீங்க.

மனுஷன் பினாங்குல அரசாங்க குமாஸ்தா. இங்க பிரிட்டிஷ் வியாபாரத் தளத்தை ஆரம்பிச்ச ராஃபிள்ஸ், 1819 மே மாசம் ரெண்டாவது தடவை சிங்கப்பூர் வந்தாருல்ல, அதே ‘இண்டியானா’ கப்பல்ல இவரும் வந்து இறங்குறாரு. அப்ப இங்க என்ன இருந்துச்சுங்கிறீங்க? மரத்துலயும், அத்தாப்புங்கிற கூரை ஓலையிலயும் கட்டின வீடுங்கதான். ஆனா வரி இல்லாத துறைமுகம், கப்பல் வந்துக்கிட்டே இருக்கு, ஆளும் கூடிக்கிட்டே இருக்கு. 1824 கணக்கெடுப்புல 10,683 பேர்! இத்தனை பேருக்கும் வீடு வேணும், சரக்கு வைக்கக் கிடங்கு வேணும். எல்லாரும் மிளகு, துணின்னு ஓடுறப்ப, இவர் தஞ்சோங் பகார்ல செங்கல் சூளை போடுறாரு. பினாங்குக்கு ஆள் அனுப்பி கொத்தனார், தச்சர்னு வரவழைக்கிறாரு. சிங்கப்பூரோட முதல் இந்தியக் கட்டட கான்ட்ராக்டர் இவர்தான். எனக்கு இந்த சூளைதான் கோயிலை விடப் பெரிய விஷயமாத் தோணுது. ஊரே இன்னும் உருவாகல, அதுக்குள்ள ஊருக்கு என்ன தேவைப்படும்னு கணக்குப் போட்டிருக்காரு பாருங்க!

அப்புறம் துணி வியாபாரம். கிராஸ் ஸ்ட்ரீட்ல கடை. கடன் வாங்கித்தான் சரக்கு எடுத்தாரு. 1822-ல தீப்பிடிச்சு கடை மொத்தமும் சாம்பல். ஊருக்கே செங்கல் சுட்டவர் கடை தீயில போச்சு, என்னத்த சொல்ல! சரக்கு போச்சு, கடன் மட்டும் மிச்சம்.

அந்த வருஷக் கடைசியில ராஃபிள்ஸ் திரும்பி வர்றாரு. பிள்ளை நேராப் போய் நிலைமையைச் சொல்றாரு. கமர்ஷியல் ஸ்குவேர்ல இடம் கிடைக்குது. அதாங்க, இப்ப நம்ம ராஃபிள்ஸ் பிளேஸ். அங்கேருந்து தலையெடுத்துட்டாரு. இதை வெறும் விடாமுயற்சிக் கதையா சொல்றவங்க கூட எனக்கு ஒத்துப்போகாது. கூடக் கப்பல்ல வந்த பழக்கம் இல்லாத ஒரு கூலிக்காரர் போய் நின்னிருந்தா, அந்த இடம் கிடைச்சிருக்குமா?

கோயில் நிலத்துக்கும் அலைச்சல்தான். முதல்ல தெலுக் ஆயர் பக்கம் கொடுத்தாங்க, பூஜைக்கு நல்ல தண்ணி இல்லை. அடுத்து ஸ்டாம்ஃபோர்ட் கால்வாய் பக்கம், அது நகரத் திட்டத்துக்கு ஒத்துவரல. கடைசியா 1823-ல இந்த இடம். 1827-ல கோயில் எழும்புது. செங்கல் கோயில்னுதானே நினைக்கிறீங்க? இல்லைங்க, மரமும் அத்தாப்பும்தான்! இப்ப நீங்க பாக்குற கோபுரமெல்லாம் பின்னாடி வந்தது. வாங்க, உள்ள போலாம்.