கேஸை வாபஸ் வாங்கும் முன்னால் இந்த ஒரு வரியைக் கேட்டு வாங்குங்கள்!

கோர்ட்டில் போட்ட மனுவை வாபஸ் வாங்கப் போகிறீர்களா? கொஞ்சம் பொறுங்கள். ஆர்டரில் ஒரு வரி விடுபட்டால், அதே விஷயத்துக்கு அதே கோர்ட் படியை மறுபடி ஏற முடியாமல் போகலாம்.

வணக்கம், தண்டையார்பேட்டையிலிருந்து பேசுகிறேன். எங்கள் பெரியம்மா வீட்டுத் திண்ணையை இடிக்கச் சொல்லி நோட்டீஸ் வந்தது, ஹைகோர்ட்டில் ரிட் போட்டோம், அதாவது அரசு அதிகாரிகளின் நடவடிக்கையை எதிர்த்துப் போடும் மனு. இடம் யாருடையது என்பதிலேயே தகராறு, அதைச் சாட்சி, பத்திரம் வைத்து சிவில் கோர்ட்டில்தான் தீர்க்க வேண்டும் என்று வக்கீல் வாபஸ் வாங்கிவிட்டார். யோசனை சரிதான். ஆனால் ஆர்டர் காப்பியில் இருந்தது 'டிஸ்மிஸ்டு அஸ் வித்டிரான்', அதாவது வாபஸ் வாங்கியதால் தள்ளுபடி என்பது மட்டும்தான். 'வித் லிபர்ட்டி', அதாவது மறுபடி வழக்கு போட அனுமதியோடு என்ற வார்த்தைகள் இல்லை. பெரியம்மா தாளைத் திருப்பி, பின்பக்கம் ஏதாவது எழுதியிருக்கிறதா என்று பார்த்தார்.

சட்டம் சுருக்கமாக: 1908-ஆம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டம், ஆர்டர் 23, விதி 1 (இங்கே 'ஆர்டர்' என்பது சட்டத்தின் ஒரு பகுதி, கோர்ட் உத்தரவு இல்லை). அனுமதி வாங்காமல் வழக்கைக் கைவிட்டால் அதே விஷயத்தில் புது வழக்கு போட முடியாது. இந்தக் கொள்கை ரிட் மனுவுக்கும் பொருந்தும் என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் 1986-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது.

சரி, இதை நம் தெருவில் வைத்துப் பார்ப்போம். தண்ணி லாரி வரும் நாளில் விடியற்காலையிலேயே குடங்கள் வரிசையில் நிற்கும். நடுவில் நீங்கள் வீட்டுக்குப் போக வேண்டும். "அக்கா, இது என் குடம், வந்துடுறேன்" என்று நாலு பேர் காதில் விழச் சொல்லிவிட்டுப் போனால் திரும்பி வந்து நிற்கலாம். ஒன்றும் சொல்லாமல் குடத்தைத் தூக்கிக்கொண்டு போனால், திரும்பி வரும்போது யார் இடம் விடுவார்கள்? லிபர்ட்டி என்பது அப்படிச் சொல்லிவிட்டுப் போவதுதான். ஆனால் நீங்கள் சொல்லிவிட்டுப் போனதற்காக லாரி காத்திருக்காது! வழக்கு போடும் கெடு, அதாவது லிமிடேஷன், பழைய வழக்கே இல்லாதது போலத்தான் ஓடும். தவறான கோர்ட்டில் நல்லெண்ணத்தோடு, அக்கறையாக வழக்கு நடத்திய காலத்தை மட்டும் லிமிடேஷன் சட்டம் 14-ஆம் பிரிவின்படி கழிக்கச் சொல்லிக் கேட்கலாம்.

அப்புறம், பக்கத்துத் தெருவில் வேறு லாரி நின்றால்? அந்த வரிசையில் நிற்க யாரும் தடுக்க முடியாது. எங்களுக்கு உயிர் வந்தது இங்கேதான். அதே சர்குஜா தீர்ப்பு, ரிட்டை வாபஸ் வாங்கினாலும் சிவில் வழக்கு மாதிரி வேறு வழிகள் திறந்தே இருக்கலாம் என்கிறது. பெரியம்மாவின் வழக்கு இப்போது சிவில் கோர்ட்டில் நடக்கிறது.

ஆனாலும் ரிட் போய் சிவில் வழக்கு போடும் வரைக்கும் நாங்கள் தூங்கவில்லை. மனு போனால் அதில் வாங்கிய ஸ்டேயும், அதாவது இடைக்காலத் தடையும் கூடவே போய்விடும், இதை யாரும் எங்களுக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. கட்சிக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்காமல் வாபஸ் வாங்குவது தப்பு என்றே நான் நினைக்கிறேன்.

அதனால் உங்கள் வக்கீலிடம் இன்றைக்கே கேளுங்கள்: "சார், லிபர்ட்டி கேட்டீங்களா? ஆர்டர்ல வந்திருக்கா?" வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால், பெண்களுக்கு வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. ஹைகோர்ட் வளாகத்திலேயே அதற்கு அலுவலகம் இருக்கிறது. வீட்டில் பழைய ஆர்டர் காப்பி இருந்தால் கடைசிப் பாராவைப் படித்துவிட்டு, அதில் என்ன இருக்கிறது என்று கமெண்டில் எழுதுங்கள். பெயரும் கேஸ் நம்பரும் மட்டும் போடாதீர்கள்.